ராஜத்தின் வால்

ஆர். கே. நாராயணின் ‘சுவாமியும் நண்பர்களும்’ 1935-ல் வெளிவந்தது. பெரியவர்களுக்கான நாவல்தான், ஆனாலும் பத்து வயதுப் பிள்ளையிடம் கொடுத்தால் கீழே வைக்காது. எனக்குச் சுவாமியைக் காட்டியது தூர்தர்ஷன்: ஷங்கர் நாக்கின் ‘மால்குடி டேஸ்’, எல். வைத்தியநாதனின் அந்த மெட்டு. நாவலைப் பிறகுதான் படித்தேன். நான் வாய்விட்டுச் சிரித்த இடங்களில் பாதி, சுவாமி தன்னை வேறு யாரோவாகக் காட்டிக்கொள்ளப் பாடுபடும் இடங்கள்.

ராஜம் போலீஸ் சூப்பரின்டெண்டெண்ட் மகன். பூட்ஸ், ஸாக்ஸ், வெள்ளைக்காரன் மாதிரி இங்கிலீஷ். அவன் வீட்டுக்கு வருகிறான் என்றதும் சுவாமிக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. உட்கார வைக்க அப்பாவின் அறை வேண்டும். சமையல்காரர் அழுக்கு வேட்டியோடு வந்து நிற்கக் கூடாது. பாட்டி அந்தப் பக்கமே தலைகாட்டக் கூடாது, அவளுக்கு வயதாகிவிட்டதாம்! ராத்திரி அதே பாட்டியிடம் ஒட்டிப் படுத்துக்கொண்டு ராஜத்தின் பிரதாபங்களை அளப்பவனும் இவன்தான்.

பையன்கள் சும்மா விடுவார்களா? ‘ராஜத்தின் வால்’ என்று பெயர் வைத்து, சோமுவும் மற்றவர்களும் அவனோடு பேச்சையே நிறுத்திவிடுகிறார்கள். இங்கே எனக்குச் சிரிப்பு கொஞ்சம் தேய்ந்துவிடும். எங்கள் வகுப்பிலும் ஒரு ராஜம் உண்டு. அவனுடைய ஹீரோ பேனாவைத் தொட்டுப் பார்க்க நாங்கள் எத்தனையோ பேர் வாலானோம்.

நடிக்கத் தோன்றாதபோது சுவாமி இன்னும் வேடிக்கை. ராமனிடம் 10 மாம்பழம், விலை 15 அணா. கிருஷ்ணனுக்கு 4 போதும், எவ்வளவு கொடுப்பான்? அப்பா கணக்குப் போடச் சொன்னால், பழம் பழுத்ததா இல்லையா என்பதுதான் இவனுடைய கவலை. அதை அப்பாவிடமே கேட்கிறான். முதலில் கணக்கைப் போடு என்பதுதான் கிடைத்த பதில்.

படிப்பில் மக்கு, முரடன் என்று பெயரெடுத்த மணி முன்னால் மட்டும் இவன் அறையை ஒழுங்குபடுத்த வேண்டியதில்லை. பாட்டியை ஒளிக்க வேண்டியதுமில்லை.

சுவாமி கிரிக்கெட் மேட்சுக்கு வராததற்காக ராஜம் அவனோடு பேசாமல் இருந்துவிடுகிறான். ராஜத்தின் குடும்பம் ஊரைவிட்டுக் கிளம்பும் நாளில் சுவாமி ஆண்டர்சன் கதைப் புத்தகத்தை வைத்துக்கொண்டு ஸ்டேஷனில் தவிக்கிறான். ரயில் நகர்ந்ததும் அதை வாங்கிக்கொண்டு ஓடிப்போய் ராஜத்திடம் சேர்ப்பவன் மணி. ராஜம் கடிதம் போடுவானா என்று கேட்டால், போடுவான் என்று சொல்பவனும் அவனே. நம்பிச் சொன்னானா, நண்பனைத் தேற்றச் சொன்னானா என்பதை நாராயண் நம்மிடமே விட்டுவிட்டார்.

இரண்டில் எதுவானாலும் என் ஓட்டு மணிக்குத்தான்.