சாத்தனூர்க் கல்மரமும் ஒரு பிள்ளையின் கேள்வியும்

 

பூதலூர்ப் பிள்ளைகளுக்கு வண்டல் தெரியும், பாறை தெரியாது. ஆனால் காவிரியையும் கொள்ளிடத்தையும் கடந்து வடக்கே சென்றால், பெரம்பலூர் மாவட்டத்துச் சாத்தனூரில் ஒரு பெருமரம் கல்லாகிக் கிடப்பதைக் காணலாம்.

அதன் நீளம் 18 மீட்டர். இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையைச் சேர்ந்த டாக்டர் எம்.எஸ். கிருஷ்ணன் 1940ஆம் ஆண்டில் அதனைக் கண்டறிந்தார். ஊசியிலை இனத்தைச் சேர்ந்த அம்மரத்தின் வயது ஏறத்தாழ 12 கோடி ஆண்டுகள் என்பர். அக்காலத்தில் இப்பக்கத்து நிலத்தைக் கடல் மூடியிருந்தது. அரியலூர் வட்டாரத்தில் இன்றும் கிடைக்கும் கடல் உயிர்களின் கல்லோடுகளே அதற்குச் சான்று. விழுப்புரம் மாவட்டம் திருவக்கரையிலோ ஒரு காடே கல்லாகிக் கிடக்கிறது. வேரும் கிளையும் இன்றி அவை படுத்திருப்பதால், வெள்ளம் அடித்துவந்து சேர்த்த மரங்கள் என்று அறிஞர் கருதுவர்.

மரம் கல்லாவது எவ்வாறு? அறுவடைக்குப்பின் வயலில் எஞ்சும் தாள் மழைநீரில் அழுகி எருவாவதை நாம் அறிவோம். மரத்தின் வழக்கமான முடிவும் அதுவே. ஆனால் விழுந்த மரத்தை மணலும் சேறும் விரைந்து மூடிக் காற்றுப் புகாமல் செய்தால், அழுகல் தடைப்படும். நிலத்தடி நீரில் கரைந்துள்ள சிலிக்கா மரத்தின் நுண்ணறைகளில் படிந்து, நாளடைவில் மரத்தின் இடத்தைத் தானே பிடித்துக்கொள்ளும். வடிவம் மரமாகவே இருக்கும், பொருள் கல்லாகிவிடும்.

எங்கள் மதரஸாப் பிள்ளைகளையும் சில குடும்பத்தினரையும் சாத்தனூருக்கு அழைத்துச் சென்றோம். இதனை அங்கு விளக்கியபோது ஒரு சிறுவன் கேட்டான்: “ஹஜ்ரத், எங்க அத்தாவும் மண்ணுக்குள்ள இப்படிக் கல்லாயிடுவாங்களா?”

அவன் தந்தையை நல்லடக்கம் செய்து நான்கு மாதங்களே ஆகியிருந்தன. “இங்க வந்து என்ன பேச்சு இது?” என்று உடன் வந்த பெரியவர் ஒருவர் அதட்டினார். அவன் தாயார் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அவனை அருகில் அமர்த்திக்கொண்டோம். “இல்லை தம்பி. கோடியில் ஒரு மரம்தான் இப்படிக் கல்லாகும். மற்ற மரங்களைப்போல மனிதர்களும் மண்ணோடு மண்ணாவார்கள்” என்றோம். அவன் கண் கலங்கியது. “அப்ப, அத்தாவை அல்லாஹ் எப்படிக் கண்டுபிடிப்பான்?” என்றான்.

அவனை வாட்டியது கல்லன்று, இதுவே என்று அப்போதுதான் விளங்கியது. எலும்பாகி உக்கிப்போன பின்னரும் எழுப்பப்படுவோமா என்று மக்கத்து மறுப்பாளர்களும் கேட்டனர். அவர்கள் ஏளனமாகக் கேட்டதைப் பிள்ளை ஏக்கத்தோடு கேட்டான். நீங்கள் கல்லாகவோ இரும்பாகவோ ஆகிவிட்டாலும், முதன்முறை படைத்தவனே மீட்டெழுப்புவான் என்னும் கருத்தில் பனூ இஸ்ராயீல் அத்தியாயம் அதற்கு விடையளிக்கிறது. உடலிலிருந்து மண் எதை எடுத்துக்கொண்டது என்பதும் அவன் அறிவுக்கு மறைவானதன்று என்கிறது காஃப் அத்தியாயம். மண்ணானதும் கல்லானதும் அவனுக்கு ஒன்றே. இதை எளிய சொற்களில் கூறினோம். சிறுவன் மறுமொழி கூறவில்லை. தாயின் பக்கத்தில் போய் நின்றுகொண்டான். தாயார் அவன் தலையைத் தடவிக்கொடுத்தார்.

பெற்றோர்களே! மவுத் நிகழ்ந்த வீடுகளில் பெரியவர்களுக்கு ஆறுதல் சொல்ல ஊரே திரள்கிறது. பிள்ளைகளையோ பக்கத்து வீட்டிற்கு அனுப்பிவிடுகிறோம். பின்னர் அவர்கள் கேட்டால் அதட்டுகிறோம், அல்லது “அத்தா சஃபர் போயிருக்காங்க” என்று மழுப்புகிறோம். அதட்டுவதால் கேள்வி மறைவதில்லை. அது பிள்ளையின் நெஞ்சில் தனியே கிடந்து இறுகுகிறது. உண்மையை உள்ளபடி சொல்லுங்கள். கப்ருக்கு அழைத்துச் சென்று ஸலாம் கூறவும் துஆச் செய்யவும் பழக்குங்கள். தந்தைக்காகத் தான் செய்யக்கூடியது ஒன்று உண்டு என்று அறியும் பிள்ளைக்கு அதுவே பெரும் ஆறுதல்.

வல்ல ரஹ்மான் நம்மில் மறைந்தோரின் மண்ணறைகளை ஒளியாக்குவானாக! நம் பிள்ளைகளின் கேள்விகளுக்குப் பொறுமையுடன் செவிசாய்க்கும் உள்ளத்தை நமக்கு அருள்வானாக! ஆமீன்.