வளிவடேயில் கேட்ட ஒரு சொல்

கோலாப்பூரினின்று மீரஜுக்குச் செல்லும் இருப்புப்பாதை 1891-ஆம் ஆண்டில் திறக்கப்பெற்றது. ஏறத்தாழ 47 கிலோமீட்டர் நீளமுள்ள அப்பாதையில், கோலாப்பூரை விட்டுப் புறப்பட்ட சிறிது நேரத்திற்குள் வளிவடே என்னும் சிறு நிலையம் வருகிறது. விரைவு வண்டியில் செல்வோர் பெயர்ப்பலகையைப் படித்து முடிப்பதற்குள் நிலையம் பின்னே போய்விடும். பயணிகள் வண்டியில் ஏறி, அவசரமின்றி இறங்குவோருக்கே அவ்வூர் தன்னைக் காட்டும். இருபுறமும் கரும்பு, தொலைவில் பஞ்சகங்கை ஆற்றங்கரையின் பசுமை, வெல்லம் காய்ச்சும் நாட்களில் காற்றிலேயே ஒரு தித்திப்பு.

இப்பகுதியில் வாழும் நம்மவர் பலர் அருகிலுள்ள காந்திநகரை நன்கு அறிவர். தீபாவளிக்கும் திருமணத்திற்கும் மொத்த விலையில் துணி எடுக்க அங்கேதான் செல்கிறோம். அக்கடைகளை நடத்தும் சிந்தி மக்கள், 1947-ஆம் ஆண்டுப் பிரிவினையால் வீடு வாசலை இழந்து வந்தவர்களின் வழியினர். ஆயினும், அவர்கள் வந்திறங்கியது வெறும் பொட்டலில் அன்று. அவர்களுக்கு முன்னரே அவ்விடத்தில் வேறொரு நாட்டார் வந்து, வாழ்ந்து, பிள்ளைகளைப் படிக்கவைத்து, சிலரை மண்ணுக்குள் வைத்துவிட்டுச் சென்றிருந்தனர். அவர்கள் போலந்து நாட்டினர்.

அவர்கள் வந்த வழி நெடியது. 1939-ஆம் ஆண்டு செப்டம்பரில் மேற்கிலிருந்து ஜெர்மானியரும் கிழக்கிலிருந்து சோவியத் படையினரும் போலந்துக்குள் புகுந்தனர். கிழக்குப் பகுதியில் வாழ்ந்த குடும்பங்கள் பல, 1940, 1941 ஆகிய ஆண்டுகளில் சரக்கு வண்டிகளில் ஏற்றப்பட்டுச் சைபீரியாவுக்கும் மத்திய ஆசியாவுக்கும் அனுப்பப்பட்டன. இருப்புப்பாதைத் தொழிலில் இருக்கும் நமக்கு, சரக்குப் பெட்டியில் மனிதரை அடைத்த செய்தியைப் படிக்கும்போதெல்லாம் நெஞ்சு பொறுப்பதில்லை. ஜெர்மனி சோவியத் நாட்டின்மீதே பாய்ந்தபின், 1941-ஆம் ஆண்டு உடன்பாட்டினால் அவர்களுக்கு விடுதலை கிடைத்தது. 1942-இல் ஈரானுக்கு வந்து சேர்ந்தவருள் ஒரு பகுதியினர் இந்தியாவுக்கு வந்தனர். நவநகரத்து அரசர் ஜாம் சாகேப் திக்விஜயசிங், ஜாம்நகரை அடுத்த பாலாசடியில் போலந்துக் குழந்தைகளுக்கு இடமளித்த வரலாறு பலரும் அறிந்ததே. அதனினும் பெரிய குடியிருப்பு வளிவடேயில் 1943-இல் அமைந்தது. பெண்டிரும் குழந்தைகளுமே மிகுதியாக, ஏறத்தாழ 5,000 பேர் அங்கே வாழ்ந்தனர். பள்ளிகளும் தேவாலயமும் மருத்துவமனையும் இருந்தன. 1948-இல் அக்குடியிருப்பு மூடப்பட்டது. போர் முடிந்தும் அவர்களுள் பலருக்குத் தம் ஊர் திரும்ப வழியில்லை. ஊர் இருந்த நிலமே எல்லை மாறிச் சோவியத் நாட்டுக்குள் போயிருந்தது. ஆகவே இங்கிலாந்து, ஆஸ்திரேலியா, கனடா என்று மீண்டும் புறப்பட்டனர்.

ஓய்வு நாள் ஒன்றில் நாம் வளிவடேக்குச் சென்றிருந்தபோது, நிலையத்துக்கு வெளியே அயல்நாட்டு அம்மையார் ஒருவரும் அவர்தம் மகனும் வழி கேட்டு நின்றனர். அம்மையாருக்கு அறுபது வயதைக் கடந்திருக்கலாம். அவர்தம் தாயார் சிறுமியாக இங்கே வாழ்ந்தவராம். தாயார் காலமானபின், அவர் சொல்லிச் சென்ற இடத்தைப் பார்த்துவிட்டுப் போகலாம் என்று இங்கிலாந்திலிருந்து வந்திருந்தனர். பழைய கட்டடங்கள் பெரும்பாலும் மறைந்துவிட்டன. எனினும், இயன்ற அளவு உடன்சென்று காட்டினோம். தேநீர்க் கடை ஒன்றில் அமர்ந்தபோது அம்மையார் எருமைப்பாலின் கெட்டித்தன்மையைக் கண்டு சிரித்தார். "எங்கள் அம்மா இறுதிவரை குறைப்பட்டுக்கொண்டே இருந்தார். வளிவடேப் பாலில் திரட்டியதுபோல் இங்கிலாந்துப் பாலில் திரளவில்லையாம், அதனால் நலெஷ்னிகி அன்றுபோல் அமையவில்லையாம்" என்றார்.

நலெஷ்னிக் என்பது ஒருமை. நலெஷ்னிகி என்பது பன்மை. கோதுமை மாவு, பால், முட்டை ஆகியவற்றை நீர்க்கக் கரைத்து, வாணலியில் மெல்லிய தாளாக வார்த்தெடுத்து, உள்ளே பூரணம் வைத்து மடித்தோ சுருட்டியோ உண்ணும் பலகாரம் அது. புளித்த பாலைத் திரித்து நீர் வடித்த வெண்கட்டியைத் 'த்வாரூக்' என்பர்; வடநாட்டுச் சேனாவுக்கு உறவானது. அதில் சர்க்கரை கலந்து வைப்பதே மிகப் பரவலான பூரணம். பழப்பாகு வைப்பதும் உண்டு. முட்டைக்கோசும் காளானும் வதக்கி வைத்தால் உவர்ப்புப் பலகாரமாகும். மடித்ததை வெண்ணெயில் மறுபடி சிவக்கவிட்டு, மேலே புளித்த பாலேட்டை ஊற்றித் தருவர்.

"அச்சொல்லுக்குப் பொருள் என்ன?" என்று கேட்டோம். அம்மையார் மகனைப் பார்த்தார். மகன் தாயைப் பார்த்தான். அவனுக்குப் போலிஷ் மொழியில் தெரிந்தவை இருபது சொற்களாம். அவற்றுள் இது ஒன்று. சற்று நினைத்து, "காட்டோடு தொடர்புடையதாக இருக்கவேண்டும்" என்றான். 'லாஸ்' என்றால் காடு. 'லெஷ்னிக்' என்றால் வனக்காவலர். அம்மட்டில் அவன் ஊகம் பழுதன்று. போலந்திலேயே வளர்ந்தவர் செவிக்கும் அச்சொல் அப்படித்தான் ஒலிக்கும்.

ஆனால் உண்மை வேறு. வீடு திரும்பியபின் கைப்பேசி வழியே அகராதிகளைத் துருவியதில் விடை கிடைத்தது. அச்சொல்லில் காடு இல்லை, இலைதான் இருக்கிறது. 'நா' என்பது 'மேல்' என்று பொருள்படும் முன்னொட்டு. 'லிஸ்ட்' என்பது பழைய ஸ்லாவிய மொழியில் இலை. இரண்டும் கூடி 'இலைமேல் ஆனது' என்னும் பொருளில் 'நலிஸ்ட்னிக்' என்ற வடிவம் இருந்தது. நாவின் வசதிக்காக நடுவிலிருந்த டகரம் உதிர்ந்தது, இகரம் எகரமாயிற்று, சொல் நலெஷ்னிக் ஆயிற்று. பொதிச்சீட்டில் ஓர் எழுத்துப் பிழைத்தால் பொதி வேறூர் போய்ச் சேர்வதை நாம் நாள்தோறும் காண்கிறோம். இங்கும் ஓர் எழுத்துத் திரிந்ததனால் இலை காட்டுக்குள் போய் மறைந்துவிட்டது!

வியப்பென்னவெனில், மறைந்ததைக் காட்டிக்கொடுப்பது பக்கத்து வீட்டார் மொழியே. உக்ரேனியர் இதே பலகாரத்தை 'நலிஸ்னிக்' என்கின்றனர். அவர்கள் சொல்லில் இகரம் இன்றும் கெடவில்லை. இலை பளிச்சென்று தெரிகிறது. அம்மையாரின் தாயார் பிறந்ததோ லிவிவ் நகரை அடுத்த சிற்றூர். அது இன்று உக்ரேன் நாட்டில் உள்ளது. அவ்வூர்ப் பக்கங்களில் போலந்தியரும் உக்ரேனியரும் அடுத்தடுத்து வாழ்ந்தனர். வேலிக்கு அப்பால் தெளிவாகவும் இப்பால் மங்கலாகவும் ஒரே சொல் வழங்கியிருக்கும்.

மெல்லிய மாவுப் பலகாரத்திற்கு இலை எதற்கு என்று கேட்கலாம். அக்காலத்து அடுப்பை நினைத்துப் பார்த்தால் விளங்கும். போலந்துச் சிற்றூர்களில் ரொட்டி சுடும் அடுப்பு, செங்கல்லால் கட்டிய குகை போன்றது. உள்ளே விறகை எரித்து, தணலை வாரி ஒதுக்கிவிட்டு, சூடேறிய தரையின்மீதே மாவை வைப்பர். வெறுந்தரையில் வைத்தால் சாம்பல் ஒட்டும்; அடியும் கருகும். ஆகவே கீழே இலை பரப்புவர். முட்டைக்கோசு இலை, காரக்கிழங்கு வகையொன்றின் அகன்ற இலை, 'ததராக்' இலை ஆகியவை இதற்கு உதவின. ததராக் என்பது வேறொன்றுமன்று. கைக்குழந்தை உள்ள நம் வீடுகளில் தவறாதிருக்கும் வசம்பேதான்! வசம்பிலையின் மணம் ஏறிய ரொட்டியை இன்றும் அந்நாட்டுச் சிற்றூர்களில் சிலர் சுடுகின்றனர். இரும்பு வாணலி வந்து, மாவும் நீர்த்தபின், நலெஷ்னிக்குக்கு இலை வேண்டாததாயிற்று. பெயரை மாற்ற எவருக்கும் தோன்றவில்லை.

அண்டை நாட்டார் இதையொத்த பலகாரங்களுக்கு வைத்த பெயர்களையும் ஒப்பிட்டுப் பார்த்தோம். ஹங்கேரியர் 'பலாசிந்தா' என்பர். செக் நாட்டாரும் ஆஸ்திரியரும் அதையே சிறிது திரித்து வழங்குவர். அது தட்டையான பணியாரத்தைக் குறிக்கும் இலத்தீன் சொல்லின் வழிவந்தது. ரஷ்யரின் 'பிளின்', மாவு அரைத்தலைக் குறிக்கும் வேரிலிருந்து பிறந்தது. ஒருவர் வடிவத்தைப் பார்த்தார். ஒருவர் திரிகையைப் பார்த்தார். போலந்தியரும் உக்ரேனியரும் அடியில் கிடந்த இலையைப் பார்த்தனர். மூன்றினுள் நம் மனம் இலைப்பக்கமே சாய்கிறது என்பதை மறைப்பானேன்?

அந்த இலை வேறு சில இடங்களிலும் ஒளிந்திருக்கிறது. போலிஷ் மொழியில் இன்று 'லிஸ்ட்' என்றால் கடிதம். மரத்து இலையை 'லிஷ்ச்' என்று சற்றே மாற்றிச் சொல்வர். உக்ரேனியருக்கோ இலையும் கடிதமும் ஒரே சொல்தான். நாம் ஓலை என்பதுபோலவே அது. பனையோலையும் ஓலை, மணவோலையும் ஓலை. போலந்தில் தபால்காரருக்கு 'லிஸ்டோநோஷ்' என்று பெயர். கடிதம் சுமப்பவர் என்பது பொருள். நவம்பர் மாதத்தை 'லிஸ்டோபாத்' என்கின்றனர். அது இலையுதிர் மாதம். கடிதமும் பலகாரமும் மாதமும் ஒரே கிளையில் துளிர்த்தவை என்பதை அங்கே அன்றாடம் எத்தனை பேர் நினைப்பார்களோ!

வார்சா நகரில் 1896-இல் பால் உணவகம் என்றொரு வகைக் கடை தோன்றியது. இறைச்சியின்றிப் பால், மாவு, முட்டை ஆகியவற்றாலான எளிய உணவைக் குறைந்த விலைக்குத் தருவது அதன் வழக்கம். பின்னாளில் அத்தகைய கடைகள் நாடெங்கும் பெருகின. இன்றும் சில அரசின் உதவித்தொகையோடு நடக்கின்றன. மாணவரும் முதியோரும் வரிசையில் நின்று தட்டேந்தி வாங்கும் உணவுகளுள் வெண்கட்டி வைத்த நலெஷ்னிகிக்கு நிலையான இடமுண்டு. ஊர்விட்டு ஊர் சென்று வேலை பார்க்கும் நமக்கு, இத்தகைய கடையின் அருமையை விளக்க வேண்டுவதில்லை.

நாம் கண்டறிந்ததை அந்த இளைஞனுக்கு எழுதி அனுப்பினோம். அவன் மறுமொழியில் தாயாரின் செய்தி இருந்தது. அவர்தம் தாயார் பலகாரத்தை எடுத்து வைக்கும்போது, தட்டில் முதலில் ஒரு முட்டைக்கோசு இலையைப் பரப்புவாராம். ஏனென்று கேட்டால், "எங்கள் பாட்டி அப்படித்தான் வைப்பார்" என்பாராம். அழகுக்காக வைக்கிறார் என்றே எண்ணியிருந்தனர். அவ்வழக்கம் தாயாரோடு நின்றுபோயிற்று. இனித் தொடரப்போவதாக எழுதியிருந்தான்.

இதை இல்லத்தில் சொல்லிக்கொண்டிருந்தபோது, மராத்திப் பள்ளியில் ஐந்தாம் வகுப்புப் படிக்கும் எம் மகள், "அப்பா, நம் தோசைக்கல் இரும்புதானே? அதை ஏன் கல் என்கிறோம்?" என்று கேட்டாள். கல்லிலேயே வார்த்த காலம் ஒன்று இருந்தது என்றோம். உடனே அடுத்த வினா: "அப்படியானால் ஓலைக் கொழுக்கட்டையில் ஓலை எங்கே?"

அவள் ஓலையைக் கண்டதில்லை. எம் இல்லாளின் ஊராகிய திருநெல்வேலிப் பக்கத்தில், கார்த்திகையன்று பனங்குருத்தோலைக்குள் மாவைப் பொதிந்து வேகவைப்பர். மீரஜில் குருத்தோலைக்கு எங்கே போவது? இங்கு வந்த நாள்முதல், சாங்லி வட்டாரத்து வயல்களிலிருந்து மஞ்சள் இலை வாங்கி வந்து, அதில் பொதிந்தே அவித்துவருகிறோம். மணம் வேறு, பெயர் மட்டும் ஓலைக் கொழுக்கட்டை. வரும் கார்த்திகைக்குத் திருநெல்வேலியிலிருந்து புறப்படும் உறவினர் ஒருவரிடம் ஒரு கட்டுக் குருத்தோலை கேட்டிருக்கிறோம். இரண்டு நாள் பயணத்தில் வாடாதிருக்க ஈரத்துணி சுற்றி அனுப்புமாறும் எழுதியுள்ளோம்.