யோசனை கேளுங்கள்!

"புதுசா யோசிக்கிற ஆள்தான் வேணும்" என்று முதலாளிகள் மேடையில் பேசுகிறார்கள். தொழிற்கூடத்தில் நிலைமை என்ன?

ஜப்பானில், நூல் அறுந்தால் தானே நிற்கும் தறியை உருவாக்கியவர் சகிச்சி டொயோடா. அவர் மகன் 1937-இல் தொடங்கிய டொயோட்டா மோட்டார் கம்பெனி, 1951-லேயே தொழிலாளர்களிடம் யோசனை கேட்கும் திட்டம் கொண்டுவந்தது. நல்ல யோசனைக்குப் பரிசும் உண்டு. கோளாறு கண்டால் சாதாரணத் தொழிலாளியே கயிற்றை இழுத்து உற்பத்தியை நிறுத்தலாம்!

என் அப்பாவும் தறிக்காரர்தான். விசைத்தறியின் சத்தத்தை வைத்தே கோளாறைச் சொல்லிவிடுவார். "நம்மளயெல்லாம் ஆரு கண்ணு கேக்கறாங்க?" என்பார். பள்ளிக்கூடம் போகாதவருக்கு யோசனை வராதா?

நாளை நாம்தான் சூப்பர்வைசர்கள். முதல் கேள்வியை மெஷின் ஓட்டுபவரிடமே கேட்போம். அவர் சொன்ன யோசனையை மேனேஜரிடம் அவர் பெயரிலேயே சொல்வோம்!