மூன்றாம் பெட்டி



போன மாதச் சுவரிதழில் எங்கள் வகுப்பிலிருந்து ஒரு வரிகூட வரவில்லை என்று தமிழ் ஐயா கோபப்பட்டார். "வீட்டுல நடந்த எதையாவது எழுதுங்கடா, அதுக்கு வானத்துல இருந்தா குதிக்கணும்?" என்றார். அதனால் எங்கள் வீட்டுத் தேனீப் பெட்டிகளைப் பற்றி எழுத உட்கார்ந்தேன். பாதி எழுதிய பிறகுதான், இதில் நான் வெளியே சொல்லாத ஒரு சங்கதியும் இருக்கிறது என்று ஞாபகம் வந்தது. கிழித்துப் போட நினைத்தேன். ஆனால் தாளுக்கு பார்டர் எல்லாம் ஸ்கெட்ச்சில் போட்டு முடித்துவிட்டேன். அதனால் எழுதிவிடுகிறேன்.

மார்த்தாண்டம் பக்கத்தில் தேனீப் பெட்டி ஒன்றும் அதிசயம் இல்லை. உங்களில் பல பேர் வீட்டிலும் ரெண்டு பெட்டியாவது நிற்கும். 1920களில் ஸ்பென்சர் ஹாட்ச் என்பவர் இங்கே ஒய்.எம்.சி.ஏ. மூலமாகத் தேனீ வளர்க்கக் கற்றுக்கொடுத்தார் என்று அம்மா சொல்வாள். 2023ல் மார்த்தாண்டம் தேனுக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. அன்றைக்கு அம்மா தனக்கே பரிசு கிடைத்த மாதிரி பாயசம் வைத்தாள்.

எங்கள் வீட்டில் பெட்டிகள் அம்மாவுடையது. அப்பாவுக்கு ரப்பர் பால்வெட்டு. விடியுமுன் தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு போய்விடுவார், அவருக்குப் பெட்டிப் பக்கம் திரும்ப நேரம் கிடையாது. அம்மா இந்த வேலையைத் தன் அப்பாவிடம் படித்தவள். அந்தத் தாத்தாவிடம் ஒரு காலத்தில் நாற்பது பெட்டி இருந்ததாம். 1991-92ல் 'தாய் சாக்புரூட்' என்ற வைரஸ் நோய் தென்னிந்தியா முழுக்கப் பரவியது. புழுக்கள் அறைக்குள்ளேயே தண்ணீர்ப் பை மாதிரி ஊதிச் செத்துப்போகும். தாத்தாவின் நாற்பதில் மிஞ்சினது ரெண்டு. அந்த ரெண்டிலிருந்து பிரித்துப் பிரித்து வந்தவைதான் எங்கள் வீட்டு நாலு பெட்டி. ஒன்று பிலா மரத்தடியில், ஒன்று கிணற்றுப் பக்கம், மூன்றாவது செம்பருத்தி வேலி ஓரம், நாலாவது ரப்பர் விளையின் எல்லையில்.

தேன் விற்கும் பணத்தில்தான் என் பஸ் பாஸும் யூனிபார்மும். அது எனக்கு நல்லாத் தெரியும். தெரிந்தும்தான் நான் இந்த வேலை செய்தேன்.

2024 ஜூலையில் அக்காவுக்குப் பிரசவம். அம்மா ஒரு மாதம் அக்கா வீட்டுக்குத் துணைக்குப் போனாள். போகும் முன்னால் என்னை ஒவ்வொரு பெட்டியாகக் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினாள். மழைக்காலத்தில் தேனீக்குப் பஞ்சம். ரப்பர் தளிர் முற்றிப் போயிருக்கும், புளியம்பூ முடிந்திருக்கும், வெளியே பறக்கவும் மழை விடாது. அதனால் சீனிப்பாகு வைக்க வேண்டும். ஒரு பெட்டிக்கு வாரம் இருநூறு கிராம் சீனி, அதே அளவு தண்ணீர். நல்லா ஆறின பிறகு சிரட்டையில் ஊற்றி, மேல் அறைக்குள் வைத்து மூட வேண்டும். பாகில் ஈ விழுந்து முங்காமல் இருக்க ஈர்க்குச்சியை ஒடித்துப் போட வேண்டும்.

"அந்தியில்தான் வைக்கணும், கேட்டியா மக்களே. பகல்ல வச்சா மத்த பெட்டி ஈ எல்லாம் திருட வந்துரும். ஒரு சொட்டு வெளியே சிந்தக் கூடாது" என்றாள். பெட்டிக் காலுக்கு அடியில் இருக்கும் கிண்ணங்களில் தண்ணீர் வற்றாமல் பார்க்கவும் சொன்னாள். அது எறும்புக்கு. ரெண்டு கிலோ சீனியும் அது தீர்ந்தால் வாங்க ஐம்பது ரூபாயும் என் கையில் தந்தாள்.

முதல் வாரம் ஒழுங்காக வைத்தேன். அதற்கு மேல் என்னைப் பற்றி நல்லதாகச் சொல்ல ஒன்றும் இல்லை.

இரண்டாவது வாரம் சனிக்கிழமை. அந்தியில் மேட்ச் இருந்தது (9 'ஆ'வும் 10 'அ'வும், ஞாபகம் இருக்கும்). அதனால் மத்தியானம் பன்னிரண்டு மணிக்கே பாகைக் காய்ச்சி, சூடு ஆறுவதற்குள் கொண்டுபோனேன். மூன்றாம் பெட்டியில் வைக்கும்போது சிரட்டை சரிந்து, பாகு பலகை வழியாக வழிந்தது. துடைக்கத் துணி எடுத்து வருவதற்குள் ஈக்கள் வந்துவிட்டன. அந்தப் பெட்டி ஈக்கள் இல்லை, மற்ற பெட்டிகளின் ஈக்கள். வாசலில் ஒன்றை ஒன்று கட்டிப்பிடித்து உருண்டன. கீழே செத்து விழுந்தன. நான் தூர நின்று வேடிக்கை பார்த்துவிட்டு மேட்சுக்குப் போனேன். திரும்பி வந்தபோது சண்டை நின்றிருந்தது. பாகு வழிந்த இடத்தில் எறும்பு வரிசை. கிண்ணத்தில் தண்ணீர் வற்றியிருந்ததை அப்போதுதான் பார்த்தேன்.

சீனியும் அந்த வாரமே தீர்ந்துவிட்டது. மழை நேரம், நானும் அப்பாவும் ஒரு நாளைக்கு நாலு தடவை கட்டன் சாயா குடித்தோம். நான் என் டம்ளரில் போட்ட சீனிக்குக் கணக்கே இல்லை.

ஐம்பது ரூபாய் என்ன ஆச்சு என்று கேட்பீர்கள். முப்பது ரூபாய் பந்துக்குப் பங்கு. ஓடைக்குள் விழுந்து போன அந்தப் பச்சை டென்னிஸ் பந்து எல்லோருக்கும் தெரியும், பாதிப் பேர் அதில் அடித்திருக்கிறீர்கள். மீதி இருபது ரூபாய் பழ பஜ்ஜி.

அம்மா தினமும் ராத்திரி அப்பா போனில் கூப்பிடுவாள். குழந்தையைக் காட்டுவாள். கடைசியில் மறக்காமல், "மக்களே, பாகு வச்சியா?" என்று கேட்பாள். "வச்சேன்மா" என்பேன். மூன்றாவது வாரமும் வச்சேன்மா, நாலாவது வாரமும் வச்சேன்மா.

நாலாவது வாரம் ஞாயிற்றுக்கிழமை, பல நாள் கழித்து நல்ல வெயில். பத்து மணி இருக்கும். நான் திண்ணையில் உட்கார்ந்து பேட்டுக்குப் பிடி சுற்றிக்கொண்டிருந்தேன். லாரி தூரத்தில் ஏறி வருகிற மாதிரி ஒரு சத்தம். செம்பருத்தி வேலிப் பக்கம் பார்த்தால், மூன்றாம் பெட்டி வாசலிலிருந்து ஈக்கள் சோற்றுப் பானை பொங்குகிற மாதிரி வெளியே வந்துகொண்டிருந்தன. மேலே எழும்பி வட்டம் வட்டமாகச் சுற்றின. எனக்குக் கை கால் ஓடவில்லை. தண்ணீர் தெளித்தால் மழை என்று நினைத்துப் பக்கத்து மரத்தில் உட்காரும் என்று அம்மா ஒரு தடவை சொன்னது நினைவுக்கு வந்தது. வாளித் தண்ணீரைக் கையால் அள்ளி அள்ளி மேலே எறிந்தேன். மண்ணை வாரி எறிந்தேன். என் தலைமேல்தான் விழுந்தது. கூட்டம் ரப்பர் விளைக்கு மேலே ஒரு தடவை சாய்ந்து, அப்படியே மேற்கே போய்விட்டது. சத்தம் குறைந்து குறைந்து ஒன்றுமில்லாமல் ஆனது. மொத்தம் ஐந்து நிமிஷம்கூட இருக்காது.

பெட்டியைத் திறந்தேன். புகை தேவைப்படவில்லை, முகமூடி தேவைப்படவில்லை. ஆறு சட்டத்திலும் அடை உலர்ந்து கிடந்தது. தேன் ஒரு சொட்டு இல்லை. முட்டை இல்லை, புழு இல்லை. ஓரத்து அடையில் மெழுகுப்பூச்சி வலை பின்னத் தொடங்கியிருந்தது. நம் நாட்டு அடுக்குத் தேனீயின் குணம் இது. பட்டினி, எறும்பு, பூச்சி என்று தொல்லை கூடினால் ராணி முட்டை இடுவதை நிறுத்தும். இருக்கிற புழுவெல்லாம் ஈயாகி வெளியே வந்த பிறகு, மொத்தமாக வீட்டைக் காலி செய்யும். அப்படியென்றால் அவை திடீரென்று போகவில்லை. நான் போனில் வச்சேன்மா, வச்சேன்மா என்று சொன்ன நாட்களில் எல்லாம் உள்ளே மூட்டை கட்டிக்கொண்டு இருந்திருக்கின்றன.

மத்தியானம் அப்பா ஒட்டுப்பால் மூட்டையோடு வந்தார். பெட்டியைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். அடிக்கவில்லை. "உங்க அம்மைக்கிட்ட நான் சொல்லமாட்டேன். நீயேதான் சொல்லணும்" என்று மட்டும் சொல்லிவிட்டுக் குளிக்கப் போனார். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அன்று ராத்திரி சொல்லவில்லை. அடுத்த ராத்திரியும் சொல்லவில்லை. மூன்றாவது ராத்திரி அம்மா குழந்தையைக் காட்டிக்கொண்டிருக்கும்போதே, "அம்மா, மூணாம் பெட்டி ஓடிப்போச்சு" என்றேன். போனில் கொஞ்ச நேரம் குழந்தை சத்தம் மட்டும் கேட்டது.

"பாகு வச்சியாடா?"

"ரெண்டு வாரம் வைக்கல."

திட்டப்போகிறாள் என்று போனைக் காதிலிருந்து தள்ளிப் பிடித்தேன். அவள் கேட்டது இதுதான்: "மத்தது மூணும் இருக்கா? திறந்து பார்த்தியா?" நான் பார்க்கவில்லை. மூன்று நாளாக என் பயத்தையே பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறேன், பெட்டியைப் பார்க்கவில்லை.

"இப்பமே போய் ஒவ்வொண்ணையும் பின்னால இருந்து லேசாத் தூக்கிப் பாரு. கனம் இருக்கான்னு சொல்லு" என்றாள். டார்ச்சோடு போனேன். நாலாவது கொஞ்சம் கனம். முதலும் இரண்டும் தக்கை மாதிரி இருந்தன. கடையில் பற்றில் ஒரு கிலோ சீனி வாங்கி, அன்று ராத்திரியே அம்மா போனில் சொல்லச் சொல்லப் பாகு காய்ச்சினேன். அப்பா டார்ச் பிடித்தார். ஈர்க்குச்சி போட்டேன். வாசலை ஒரு பலகைத் துண்டால் பாதி அடைத்தேன், திருட்டு வந்தால் உள்ளே இருப்பவை காவல் காக்க லேசாக இருக்கும். ரெண்டு கொட்டு வாங்கினேன். கொடுக்கை எப்படியாவது உடனே எடுத்துவிட வேண்டும், தாமதித்தால் விஷம் கூடுதலாக உள்ளே இறங்கும். காலையில் பார்த்தால் மூன்று சிரட்டையும் கழுவி வைத்த மாதிரி காலி.

அதன் பிறகு வாரம் தவறவில்லை. அறிவியல் டீச்சரிடம் கேட்டு, அகலச் சட்டியில் கூழாங்கல் போட்டுத் தண்ணீர் வைத்தேன். கல்லில் உட்கார்ந்து குடிக்கும், முங்காது. வேலி ஓரம் துளசி, கொடிரோஸ், பத்துமணிப்பூ நட்டேன். பத்துமணிப்பூ வெயில் வந்தால்தான் விரியும், மழைக்காலத்துக்கு அது சரியான தேர்வு இல்லை என்று பிறகுதான் தெரிந்தது. மழைக்காலத்தில் உண்மையில் உதவுவது தொட்டாச்சிணுங்கி. காலையில் அந்த ரோஸ் பூவில் மகரந்தம் எடுக்க ஈ மொய்க்கும். அப்பா விளையில் களைக்கொல்லி அடிக்க இருந்தார். வீட்டுப் பக்கம் மட்டும் விட்டுவிடச் சொல்லிக் கெஞ்சினேன், விட்டார். நம் பள்ளி மைதானத்துக்குப் பின்னாலும் தொட்டாச்சிணுங்கி நிறைய இருக்கிறது. அடுத்த தடவை நாம் சுத்தம் செய்யும்போது காம்பவுண்டு ஓரம் ஒரு கீற்று விட்டு வைக்கலாமா என்று உடற்கல்வி ஐயாவைக் கேட்கிறேன். கால் குத்தும் என்று தெரியும், நாம் அங்கே விளையாடுவதில்லையே.

பக்கத்து விளை மாமா பயறுக்கு மருந்து அடிப்பார். அம்மா அவரிடம் முன்பே பேசி வைத்திருக்கிறாள். அடிக்கிற அன்றைக்கு முன்கூட்டியே சொல்வார், ஈ கூடு அடைந்த பிறகு அந்தியில் அடிப்பார். அதற்கு வருஷா வருஷம் ஒரு குப்பி தேன். ஆகஸ்ட்டில் அம்மா இல்லாதபோது அவர் என்னிடம் வந்து, "தம்பி, நாளைக்கு அடிக்கேன், உங்க அம்மைக்கிட்ட சொல்லிரு" என்றார். "நானாக்கும் இப்ப பொறுப்பு" என்றேன். அவர் சிரித்த சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

அம்மா ஆகஸ்ட் பாதியில் வந்தாள். பையைத் திண்ணையில் வைத்துவிட்டு நேரே விளைக்குப் போனாள். மூன்று பெட்டியையும் திறந்து சட்டம் சட்டமாகத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தாள். முட்டை இருந்தது. கடைசியாகக் காலிப் பெட்டியை இறக்கி, பழைய அடைகளை வழித்து எடுத்து, வெயிலில் காயப் போட்டாள். என்னிடம் ஒன்றும் சொல்லவில்லை. ராத்திரி மீன் குழம்பில் பெரிய துண்டு எனக்குத்தான் விழுந்தது.

நவம்பரில் நாலாவது பெட்டியில் ஈ பெருகி, ராணி அறை கட்டத் தொடங்கியது. அம்மா அதிலிருந்து முட்டையும் புழுவும் உள்ள மூன்று சட்டத்தை ஈயோடு எடுத்து, ராணி அறை ஒன்றும் சேர்த்து, காலிப் பெட்டியில் வைத்தாள். இந்தத் தடவை சட்டத்தைப் பிடித்தது நான். கொஞ்ச நாள் கழித்துப் புது ராணி முட்டை போட்டிருந்தது. அரிசியை விடச் சின்னது, அறைக்கு ஒன்றாக நின்றது.

இப்போது ரப்பர் தளிர்த்திருக்கிறது. ரப்பர் தேன் பூவிலிருந்து வருகிறது என்று நம்மில் பல பேர் நினைக்கிறோம். இல்லை, இலைக்காம்பு முனையில் இருக்கும் சுரப்பியில்தான் அது கசிகிறது. காலையில் விளைக்குள் போனால் கேட்கும் அந்த ரீங்காரம் தளிரிலிருந்து வருவது. பாகை நாங்கள் முன்பே நிறுத்திவிட்டோம், சீனி தேனில் கலக்கக் கூடாது. மூன்று பெட்டியில் ரெண்டு தடவை தேன் எடுத்தாகிவிட்டது. மூன்றாம் பெட்டியில் இந்த வருஷம் எடுக்க வேண்டாம், அது சின்னக் குடும்பம், இருந்து சாப்பிடட்டும் என்று அம்மா சொல்லிவிட்டாள். அதனால் போன வருஷத்தை விடத் தேன் குறைவு. யூனிபார்ம் பழையதே போதும் என்று நானே சொல்லிவிட்டேன், கால் மட்டும் கொஞ்சம் இறக்கித் தைக்க வேண்டும்.

பாகு வைக்காததை அம்மாவிடம் சொன்னேன். அந்த ஐம்பது ரூபாயை மட்டும் சொல்லவில்லை. சீனி வாங்கினேன் என்றே இன்றைக்கும் நினைத்துக்கொண்டிருக்கிறாள். வருகிற வெள்ளிக்கிழமை பெற்றோர் கூட்டம். அம்மா எப்போதும் சீக்கிரம் வந்து, கூட்டம் தொடங்கும்வரை இந்தச் சுவரிதழை ஒரு எழுத்து விடாமல் படிப்பாள். அதற்குள் இன்னும் மூன்று ராத்திரி இருக்கிறது.

- 9ஆம் வகுப்பு 'ஆ' பிரிவு மாணவன்