அலையில்லாக் கரையில் வாடைக்காற்று

ஸ்காட்லாந்தின் வடகோடியில் தர்சோ என்றோர் ஊர். எலும்பைத் துளைக்கும் குளிரில், தடித்த ரப்பர் உடுப்பை மாட்டிக்கொண்டு அங்கே அலைச்சறுக்குப் பலகையோடு கடலில் இறங்குகிறார்கள். காற்றுக்குக் குறைவில்லாத நம் புதுக்கோட்டைக் கரையில் மட்டும் ஏன் யாரும் பலகை தூக்குவதில்லை? அந்தக் கேள்வியோடுதான் ஒரு மார்கழியில் அறந்தாங்கியில் பேருந்து ஏறி, மணமேல்குடி வழியாக ஜெகதாப்பட்டினம் போய்ச் சேர்ந்தேன்.

வாடை முகத்தில் அறைந்தது. கடலோ கலங்கிக் கிடந்ததே தவிர எழும்பவில்லை. நாட்டுப்படகின் ஓரம் வலை பிரித்துக்கொண்டிருந்த பெரியவர், "காத்து இருக்கு தம்பி, அலைக்கு எங்க போறது? எம்புட்டுத் தூரம் நடந்தாலும் இடுப்பளவுதான்" என்றார்.

பலகையைச் சுமக்கும் அலை பெரும்பாலும் உள்ளூர்க் காற்றில் பிறப்பதில்லை. நடுக்கடல் புயல்கள் கிளப்பிவிட, நெடுந்தூரம் உருண்டு வருவது அது. தர்சோவுக்கு அதை வட அட்லாண்டிக் அனுப்புகிறது. இங்கோ, இந்தியப் பெருங்கடலின் அலைகளை இலங்கையும் ராமர் பாலத் திட்டுகளும் மறித்துவிடுகின்றன. இந்தக் கரை அமைந்த பாக் விரிகுடாவின் பெரும்பகுதி 15 மீட்டர் ஆழம்கூட இல்லாததால், வாடை எழுப்புகிற அலையும் வளர்வதில்லை. வங்கக்கடல் நேரே மோதும் கோவளத்தில் மீனவ இளைஞர்கள் அலைச்சறுக்கில் தேர்ந்து, பிறருக்கும் கற்றுத் தருகிறார்கள். 2025 ஆகஸ்டில் மாமல்லபுரத்தில் நடந்த ஆசிய அலைச்சறுக்குப் போட்டியில் இந்திய வீரர் ரமேஷ் புதிஹால் வெண்கலம் வென்றார்.

அலை இல்லாததே இந்தக் கடலுக்குச் சொத்து. அமைதியான, வெயில் அடிவரை இறங்கும் ஆழமற்ற நீரில் கடற்புல் மண்டி வளர்கிறது. அதை மேய்ந்து வாழ்கிறது ஆவுளியா என்கிற கடற்பசு. தஞ்சாவூர், புதுக்கோட்டைக் கரைகளை ஒட்டி 448 சதுர கிலோமீட்டர் பரப்பைத் தமிழக அரசு 2022 செப்டம்பரில் கடற்பசு பாதுகாப்பகமாக அறிவித்தது. இந்தியாவில் இதுவே முதல். வலையில் சிக்கிய கடற்பசுவை உயிரோடு விடுவித்த மீனவர்களை வனத்துறை பரிசளித்துப் பாராட்டியிருக்கிறது.

காற்றை வைத்து விளையாடவும் இந்தப் பக்கத்துக்காரர்களுக்குத் தெரியும். சற்றுத் தெற்கே தொண்டி வட்டாரத்தில், திருவிழாக்களை ஒட்டிப் பாய்மரப் படகுப் போட்டி நடக்கிறது. படகு சாயச் சாய, எதிர்ப்பக்கம் உடம்பைச் சாய்த்து நிமிர்த்தும் வித்தைக்கு எந்தப் பலகை வீரனும் தலைவணங்குவான்.

புதுக்கோட்டைக் கரையில் கடல் விளையாட்டை வளர்க்க நினைப்பவர்கள் பாயைத் தேர்ந்தெடுக்கட்டும். மோட்டார் படகின் விசிறி கடற்புல்லையும் கிழிக்கும், கடற்பசுவின் முதுகையும் கிழிக்கும். பாய்க்கு வாடை ஒன்று போதும்.