தரையில் ஒரு மோதிரம்

வீடியோ கேம் என்றதும் பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். இது ஒரு மோதிரம் தொலைந்த கதை.

'டயாப்ளோ 2' என்ற கம்ப்யூட்டர் கேம் 2000-ல் வந்தது. பேய் பிசாசுகளை வெட்டிச் சாய்த்து, அவை சிந்தும் கத்தி, கவசம், மோதிரங்களைப் பொறுக்கிச் சேர்க்க வேண்டும். அவ்வளவுதான். தூக்கம் போய்விடும்.

2021-ல் இதையே மெருகேற்றி 'டயாப்ளோ 2: ரிசரெக்டட்' என்று வெளியிட்டார்கள். உள்ளே ஓடுவது பழைய எஞ்சின்தான். மேலே முப்பரிமாணப் படத்தைப் போர்த்தியிருக்கிறார்கள். கீபோர்டில் 'ஜி' எழுத்தைத் தட்டினால் போர்வை விலகிப் பழைய படம் தெரியும். தட்டிப் பார்த்தேன். திக்கென்றது. இத்தனை சொரசொரப்பாகவா இருந்தது? என் ஞாபகத்தில் இருந்தது என்னவோ புதுப் படம்தான்!

ஆனால் பெரிய மாற்றம் படத்தில் இல்லை, பெட்டியில். பழைய கேமில் ஒவ்வொரு வீரனுக்கும் தனிப் பெட்டி. ஒருவனுடைய பொருளை உங்களின் இன்னொரு வீரனுக்கு மாற்ற வேண்டுமென்றால், இரண்டு கம்ப்யூட்டர்களைக் கேபிளால் இணைத்து, நண்பனை ஆட்டத்தில் இருக்கச் சொல்லி, பொருளைத் தரையில் போட்டுவிட்டு வெளியேறி, அடுத்த வீரனாகத் திரும்பி வந்து எடுக்க வேண்டும். நண்பன் யோக்கியனாக இருப்பது முக்கியம்.

2001-ல் எனக்கு 'ஸ்டோன் ஆஃப் ஜோர்டான்' கிடைத்தது. லேசில் கிடைக்காத மோதிரம். தரையில் போட்டேன். வெளியேறினேன். அம்மா சாப்பிடக் கூப்பிட்டாள். இரண்டு பேரும் போனோம். டி.வி.யில் கிரிக்கெட் வேறு. அவன் எனக்கு முன்னால் கை கழுவிவிட்டு எழுந்து போனான். நான் வந்து பார்த்தால் மோதிரத்தைக் காணோம்.

"சத்தியமா நான் எடுக்கலைடா" என்றான். நான் நம்பவில்லை. மறுநாள் கேபிளைச் சுருட்டிக் கொடுத்துவிட்டேன்.

புதிய பதிப்பில் எல்லா வீரர்களுக்கும் பொதுப்பெட்டி உண்டு. கேபிள் மாட்டி ஆடும் வசதியை எடுத்துவிட்டார்கள். மோதிரத்தை மாற்ற இப்போது யார் தயவும் வேண்டாம். விதிகளை நிதானமாகப் படித்தபோதுதான் ஒன்று தெரிந்தது: தரையில் கிடக்கும் பொருள் கொஞ்ச நேரத்தில் தானாகவே மறைந்துவிடும். பழைய கேமிலும் அப்படித்தானாம்.

நம்பர் தேடிப் பிடித்து, ராத்திரி பத்து மணிக்கு அவனைக் கூப்பிட்டேன். "மோதிரத்தை நீ எடுக்கலைடா, சாரி" என்றேன்.

கொஞ்ச நேரம் யோசித்தான்.

"எந்த மோதிரம்?"