மனு யாருடைய மேசைக்குச் செல்கிறது?

நம் முன்னோர் சொல்லிவந்த பழைய செபங்களில் 'மனு' என்றால் மனிதன். மனுக்குலம், மனுமகன், மனுவுருவெடுத்தல் என்னும் சொற்களை நாம் இன்றும் மறந்துவிடவில்லை. அதே சொல்லை அரசு அலுவலக வாயிலில் கேட்டால் அது ஒரு தாள். நான்காக மடிக்கப்பட்டு, வியர்வை பட்டு, ஒரு குடும்பத்தின் ஓராண்டு வேதனையைச் சுமந்து வரும் தாள். இரண்டுக்கும் ஒலியைத் தவிர வேறு உறவு இல்லாமல் இருக்கலாம். ஆயினும், தாளை வாங்கும் கை அதன் பின்னே நிற்கும் மனிதனையும் ஏற்கிறதா என்ற வினா எனக்குள் அடிக்கடி எழுவதுண்டு.

ஆசிரியப் பணியினின்று ஓய்வு பெற்றபின், பங்கு மக்களுக்கும் அக்கம்பக்கத்தாருக்கும் மனு எழுதித் தருவது என் வழக்கமாயிற்று. திங்கட்கிழமைதோறும் ஆட்சியர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர்க்கும் நாள் நடப்பதால், ஞாயிறு மாலையிலேயே நான்கைந்து பேர் வந்துவிடுவர். எழுதத் தெரிந்தவர்களும் வருவர். "வாத்தியாரையா எழுதினா கொஞ்சம் கெட்டியா இருக்கும்" என்பது அவர்கள் நம்பிக்கை. 'ஐயா அவர்கள் சமூகம்' என்று தொடங்கி, 'தாழ்மையுடன் பணிந்து வேண்டிக்கொள்கிறேன்' என்று முடித்தால்தான் பலருக்கு மனம் நிறையும். அவர்களிடம் நம் அரசியல் சாசனத்தின் 350ஆம் பிரிவைப்பற்றிச் சொல்வேன். எந்தக் குறையையும், மத்திய அரசின் அல்லது மாநில அரசின் எந்த அலுவலரிடமும், அங்கு வழங்கும் எந்த மொழியிலும் முறையிடுவதற்கு எவருக்கும் உரிமை உண்டு என்கிறது அப்பிரிவு. "அப்படியா?" என்று வியப்புடன் கேட்டுவிட்டு, "எதுக்கும் அந்தத் தாழ்மையை ஒரு தடவை போட்டுடுங்க" என்பர். நானும் போட்டுவிடுவேன். மனு பயனற்றுப் போவது பணிவு குறைவதால் அன்று என்பது நான் அறிந்ததே.

கணவரை இழந்த தாய் ஒருவர் வந்தார். நான்கு சென்ட் வீட்டுமனை. அளக்க வந்தவர் எல்லைக் கல்லைத் தள்ளி நட்டுவிட்டார் என்பது அவர் முறையீடு. மனு எழுதினோம், எண்ணிட்ட ஒப்புகைச் சீட்டும் கிடைத்தது. மூன்று வாரங்களில், 'தங்கள் மனு தக்க நடவடிக்கைக்காக அனுப்பப்பட்டுள்ளது' என்ற கடிதமும் வந்தது. அந்த மாதக் கடைசியில் மனுவின் நகலோடு அவர் வீட்டு வாயிலில் வந்து நின்றவர் அதே நில அளவர். "எம்மேல மனு குடுத்தியாமே?" என்று கேட்டாராம். அந்தத் தாய் அதன்பின் பல நாள் வெளியே வரவில்லை.

இதில் யாரும் விதியை மீறவில்லை என்பதுதான் விந்தை. ஆட்சியர் கீழே அனுப்பினார். கீழே இருந்தவர் இன்னும் கீழே அனுப்பினார். மலையிலிருந்து இறங்கும் நீர் பள்ளத்தில் சேர்வதுபோல, அது உரிய ஆளிடமே போய்ச் சேர்ந்தது. இரண்டாம் முறை எழுதியபோது, முன்பு அளந்தவரையன்றி வேறொருவரைக் கொண்டு, மேலலுவலர் முன்னிலையில் அளக்க வேண்டும் என்று ஒரு வரியைச் சேர்த்தேன். எட்டு மாதங்களுக்குப் பின் கல் ஒன்றரை அடி நகர்ந்தது.

குறை யார்மேல் சொல்லப்படுகிறதோ அவரையே சென்றடையும் மனுவின் கதி, வரலாற்றில் பழையது. 1688இல் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் ஜேம்ஸ், தம் பிரகடனம் ஒன்றை ஆலயங்களில் வாசிக்குமாறு கட்டளையிட்டார். அதினின்று விலக்களிக்க வேண்டி ஏழு ஆங்கிலிக்கன் ஆயர்கள் மனுக் கொடுத்தனர். அம்மனுவையே அவதூறு எனக் கொண்டு மன்னர் அவர்களைச் சிறையிலிட்டார். நடுவர் குழு அவர்களைக் குற்றமற்றவர்கள் என்றது. 1689இன் உரிமைச் சட்டம், மன்னரிடம் மனுக் கொடுப்பது குடிமக்களின் உரிமை என்றும், அதற்காகச் சிறையிடுவதும் வழக்குத் தொடுப்பதும் சட்டவிரோதம் என்றும் விதித்தது. நமக்குச் சற்றுச் சங்கடமான செய்தி ஒன்று உண்டு. அந்த மன்னர் கத்தோலிக்கர். அந்தப் பிரகடனம் கத்தோலிக்கர் உள்ளிட்டோருக்கு வழிபாட்டுச் சுதந்திரம் அளிப்பது. நல்ல உரிமைகள் நமக்கு வேண்டியவர்களின் கைவழியேதான் வரவேண்டும் என்பதில்லை.

நம் மண்ணில் நடந்ததோ இன்னும் அழுத்தமானது. 1852இல் கஜுல லட்சுமிநரசு செட்டி சென்னைவாசிகள் சங்கத்தை நிறுவினார். கிழக்கிந்தியக் கம்பெனியின் பட்டயம் மறு ஆண்டு புதுப்பிக்கப்பட இருந்த வேளை அது. நிலவரியின் கொடுமையையும், வழக்குமன்றங்களின் தாமதத்தையும் செலவையும், பள்ளிகள் போதாமையையும் எடுத்துக்கூறி, சங்கம் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்துக்கு நேராக மனு அனுப்பியது. செட்டி அந்நாளைய கிறிஸ்தவ மிஷனரிகளைக் கடுமையாக எதிர்த்தவர். அதற்கென்றே 'கிரசென்ட்' என்ற இதழை நடத்தியவர். அந்த வேற்றுமையை நாம் மறைக்க வேண்டியதில்லை. வரி கட்ட இயலாமல் வெயிலில் நிறுத்தப்பட்ட உழவனுக்கு அவர் செய்த நன்மையையும் மறைக்க வேண்டியதில்லை.

வரி தண்டுவதற்காக அக்காலத்தில் உழவர்கள் சித்திரவதை செய்யப்பட்டனர். இரு கழிகளுக்கிடையே விரல்களை வைத்து நெரிப்பது கிட்டி. உடலை வளைத்து, கழுத்தையும் கால்விரலையும் கயிற்றால் பிணைத்து நிறுத்துவது அண்ணாந்தாள். பாதிக்கப்பட்டவன் எங்கே போய் முறையிடுவான்? 1816இன் ஒழுங்குமுறைச் சட்டப்படி, வரி தண்டும் தாசில்தாரே காவலுக்கும் தலைவர். அடித்தவரிடமே அடிபட்டவன் புகார் சொல்ல வேண்டும். அவருக்கு மேலிருந்த கலெக்டரோ பல நாள் நடைத்தொலைவில் இருந்தார். போய்வருவதற்குள் பயிர் போய்விடும்.

1853இல் டான்பி செமூர் என்னும் நாடாளுமன்ற உறுப்பினர் சென்னைக்கு வந்தார். செட்டி அவரை மாவட்டங்களுக்கு அழைத்துச் சென்று உழவர்களை நேரில் காணச் செய்தார். 1854 ஜூலையில் லண்டன் மக்களவையில் விவாதம் எழுந்தது. அவ்வாண்டே சென்னையில் மூவர் கொண்ட சித்திரவதை ஆணையம் அமைக்கப்பட்டது. அறிவிப்பு வெளியானதும், நெடுந்தொலைவிலிருந்து நடந்தே வந்தும், கடிதம் எழுதியும் ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் முறையிட்டனர். கேட்பதற்கு வேறு ஒருவர் இருக்கிறார் என்று தெரிந்தவுடன் பேசாதிருந்த வாய்கள் பேசின. 1855இல் வெளியான அறிக்கை, சித்திரவதை நடந்தது உண்மை என்று ஒப்புக்கொண்டது. பழி முழுவதையும் சுதேசிச் சிற்றலுவலர்மேல் சுமத்தி, ஐரோப்பிய அதிகாரிகளை விடுவித்தது அதன் பெருங்குறை. ஆனால் காவலையும் வரி தண்டலையும் ஒரே கையில் வைத்திருக்கலாகாது என்ற அதன் பரிந்துரை வீண்போகவில்லை. 1859இன் சென்னைக் காவல் சட்டம் இரண்டையும் பிரித்தது. மனுவின் தலையாய நோக்கம் மட்டும் நிறைவேறவில்லை. 1853இல் கம்பெனியின் ஆட்சி நீட்டிக்கப்பட்டது. மனுக்கள் பெரும்பாலும் இப்படித்தான். கேட்டது ஒன்று கிடைக்காது. ஓரமாகச் சொல்லப்பட்டது நிறைவேறும்.

நம் அலுவலர்கள் கிராமங்களில் நடத்தும் முகாமுக்கு 'மனுநீதி நாள்' என்று பெயர். திருவாரூர்ச் சோழனின் கதையை நாம் அவனுடைய நீதிக்காகப் போற்றுகிறோம். எனக்கு அதில் மணி தொங்கிய இடமே பெரிதாகப் படுகிறது. அது அரண்மனை வாயிலில் இருந்தது. தேரோட்டிய இளவரசனின் ஆட்களைக் கேட்டுத்தான் அடிக்க வேண்டும் என்றிருந்தால், அப்பசு கன்றை இழந்ததோடு கதை முடிந்திருக்கும்.

2005ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தை வகுத்தவர்கள் இதை உணர்ந்திருந்தனர் என்றே தோன்றுகிறது. 30 நாள்களுக்குள் விடை தர வேண்டும். தராவிட்டால் அவருக்கு மேலுள்ள அலுவலரிடமும், பின்னர் அலுவலகத்துக்கு வெளியே உள்ள ஆணையத்திடமும் மேல்முறையீடு செய்யலாம். தக்க காரணமின்றித் தாமதித்தால் நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 ரூபாய் வரை தண்டம் விதிக்கலாம். சாதாரண மனுவுக்கு இத்தகைய வழி இல்லை. அதனால்தான், 'என் மனுவைப் பரிசீலிக்கச் சொல்லுங்கள்' என்று மட்டும் கேட்டு உயர் நீதிமன்றப் படியேறுவோர் பலராக இருக்கின்றனர். விண்ணப்பத்தைப் படியுங்கள் என்று ஆணையிட ஒரு நீதியரசர் தேவைப்படுவது, நாம் பெருமைப்படத்தக்க நிலை அன்று.

இப்போதெல்லாம் ஞாயிறு மாலையில் எழுதுகோலை எடுக்குமுன் இரு கேள்விகள் கேட்கிறேன். குறை யார்மேல்? அவருக்கு மேல் யார்? முதற்கேள்விக்கு எல்லாருக்கும் விடை தெரியும். இரண்டாவதற்கு ஒருவருக்கும் தெரிவதில்லை. அலுவலர்களின் பெயர்ப் பட்டியலையும் அவரவர் அதிகாரங்களையும் வெளியிட வேண்டும் என்று அதே தகவல் உரிமைச் சட்டத்தின் 4ஆம் பிரிவு கட்டளையிடுகிறது. அதை ஒவ்வோர் அலுவலக வாயிலிலும் தமிழில் எழுதித் தொங்கவிட வேண்டுமென்று சென்ற மாதம் நானே ஒரு மனு அனுப்பினேன். ஒப்புகைச் சீட்டு வந்திருக்கிறது.